மறுமதிப்பீட்டு முடிவு தாமதம்: நான்கு சட்ட வழிகளுக்கு எங்கள் மார்க்

தேர்வு விடைத்தாள் மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டிவிட்டு மாதக்கணக்கில் காத்திருப்பவர்கள் முதலில் ஒன்றைப் பிரித்துக்கொள்ள வேண்டும். 'முடிவை வெளியிடுங்கள்' என்பது ஒரு கோரிக்கை, 'மார்க்கைக் கூட்டுங்கள்' என்பது வேறு கோரிக்கை. இரண்டையும் ஒரே மனுவில் குழைத்தால் வலுவான முதல் கோரிக்கையும் நீர்த்துப்போகும்.

பலர் முதலில் போய் நிற்கும் இடம் நுகர்வோர் ஆணையம். பத்துக்குப் பூஜ்யம். தேர்வு நடத்தும் வாரியம் சேவை வழங்குவதில்லை, மாணவர் நுகர்வோர் அல்லர் என்று 2009இல் பீகார் பள்ளித் தேர்வு வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கட்டண ரசீதைக் காட்டியும் பயனில்லை.

தகவல் உரிமைச் சட்டத்துக்கு எட்டு. தமிழ்நாட்டு அரசுப் பல்கலைக்கழகம் என்றால் 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டிய மனு போதும். 30 நாளில் பதில் வர வேண்டும். கேள்வியை எப்படி எழுதுகிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. 'ஏன் தாமதம்?' என்று கேட்டால், விளக்கம் சொல்வது எங்கள் வேலையல்ல என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். ஆவணத்தைக் கேளுங்கள்: விடைத்தாள் மறுமதிப்பீட்டாளருக்கு அனுப்பப்பட்ட தேதி, திரும்பி வந்த தேதி, மறுமதிப்பீட்டுக்குக் கால வரம்பு வைக்கும் விதியின் நகல், திருத்திய விடைத்தாளின் நகல். விடைத்தாளைப் பார்க்கும் உரிமையை 2011இல் ஆதித்ய பந்தோபாத்யாய் வழக்குத் தீர்ப்பு உறுதிசெய்தது. திருத்தியவர் பெயர் மட்டும் கிடைக்காது. மனு மாணவரின் பெயரிலேயே இருக்கட்டும். அப்பா பெயரில் போட்டால் 'வேறொருவரின் தனிப்பட்ட தகவல்' என்று திருப்பிவிட வாய்ப்புண்டு. பதில் வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதற்கும் அசையவில்லை என்றால் 90 நாளுக்குள் தகவல் ஆணையம். பதில் தராத தகவல் அலுவலருக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய், அதிகபட்சம் 25,000 ரூபாய் அபராதம் விதிக்கச் சட்டத்தில் இடமுண்டு. ஆனால் ஆணையத்தில் வரிசை நீளம். அதற்குத்தான் இரண்டு மார்க் குறைத்தோம்.

அதிகம் பேர் தொடாத வழி, பல்கலைக்கழக மானியக் குழுவின் (யுஜிசி) 2023ஆம் ஆண்டு மாணவர் குறைதீர்ப்பு விதிமுறைகள். கல்வி நாட்காட்டியில் சொன்ன தேதியைத் தாண்டி முடிவை இழுத்தடிப்பதை அவை நேரடியாகவே 'குறை' என்கின்றன. கல்லூரிக் குறைதீர்ப்புக் குழு 15 வேலை நாட்களில் அறிக்கை தர வேண்டும். திருப்தி இல்லையென்றால் 15 நாளுக்குள் மேல்முறையீட்டைக் கேட்கும் ஆம்புட்ஸ்பர்சன் என்ற குறைதீர்ப்பு அதிகாரியிடம் போகலாம். வெறும் மறுமதிப்பீட்டுக் கோரிக்கையை, குறிப்பிட்ட முறைகேட்டையோ பாகுபாட்டையோ காட்டாமல், அவர் ஏற்கமாட்டார். முதலில் சொன்ன பிரிவினை இங்கேதான் கைகொடுக்கும். ஏழு மார்க்.

கடைசியில் உயர் நீதிமன்றம். அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின் கீழ் மாண்டமஸ் ரிட், அதாவது கடமையைச் செய்யும்படி பல்கலைக்கழகத்துக்கு உத்தரவிடக் கேட்கும் மனு. அதற்கு முன் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கும் பதிவாளருக்கும் எழுத்தில் கோரிக்கை அனுப்பியிருக்க வேண்டும். ஸ்பீடு போஸ்ட் ரசீது, டெலிவரி விவரம், ஹால் டிக்கெட், கட்டண ரசீது, மறுமதிப்பீட்டு விதி அச்சிட்ட பக்கம் எல்லாம் இணைப்பில் வரும். கோரிக்கையே அனுப்பாமல் போனால் 'முதலில் அங்கே கேட்டீர்களா?' என்ற கேள்வியிலேயே வழக்கு நின்றுவிடும். வழக்கமாகக் கிடைப்பது, இத்தனை வாரத்துக்குள் முடிவெடுங்கள் என்ற உத்தரவு. பெரும்பாலும் அதுவே போதும். மார்க்கை நீதிபதி திருத்தித் தரமாட்டார். மேற்படிப்புச் சேர்க்கையின் கடைசி நாள் நெருங்கினால் அந்த அறிவிப்பையும் சேர்த்து இடைக்கால உத்தரவு கேட்கலாம். வக்கீல் செலவுதான் பெரிய தடை. பெண்கள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடி மாணவர்கள், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு என்பது பலருக்குத் தெரிவதில்லை. அவசரமென்றால் ஒன்பது, இல்லையென்றால் ஐந்து.

எந்த வழியில் போனாலும் அரியர் கட்டணத்தை மட்டும் நிறுத்திவைக்காதீர்கள். மறுமதிப்பீட்டு முடிவை நம்பிக் கடைசி தேதியை விட்டால் அந்தப் பருவம் போய்விடும். விடைத்தாளும் காலமெல்லாம் இருக்காது: விதிப்படி வைத்திருக்கும் காலம் முடிந்து அழித்துவிட்டால் தகவல் உரிமையாலும் அதை மீட்க முடியாது.