ஓடும் தனாசிஸா, நிற்கும் தனாசிஸா?

கிரேக்க நகைச்சுவை நடிகர் தனாசிஸ் வெங்கோஸின் இந்த இரண்டு படங்களில் எதை முதலில் பார்ப்பது? அவர் பல படங்களில் சொந்தப் பெயரிலேயே வருவார். 1971இல் வந்த 'போரில் என்ன செய்தாய், தனாசிஸ்?' அப்படிப்பட்டது. இரண்டாம் உலகப் போரில் அந்நியப் படைகள் ஆக்கிரமித்திருந்த ஏதென்ஸில் அகப்பட்ட அப்பாவி. வியர்க்க விறுவிறுக்க ஓட்டமோ ஓட்டம். 'வெங்கோஸ் மாதிரி ஓடுகிறான்' என்று கிரேக்கர்கள் இன்றும் சொல்வார்கள்.

1995இல் அங்கெலோபுலோஸ் இயக்கிய 'யுலிசிஸின் பார்வை' நேர் எதிர். அதில் வெங்கோஸ் டாக்சி ஓட்டுநர். வருவது கொஞ்ச நேரம்தான். பனி மலையில் வண்டியை நிறுத்தி, இயற்கையிடம் தனிமையைப் பற்றிப் பேசி, அதற்கும் ஒரு பிஸ்கட்டை வீசுகிறார்.

வெங்கோஸை முதன்முதலாகப் பார்ப்பவர்களுக்கு 1971 படம்தான். அந்த ஓட்டத்தைப் பார்த்திருந்தால்தான், அவர் சும்மா நிற்பதே மனதைப் பிசையும். எனக்கென்னவோ, அந்த பிஸ்கட்தான் பிடித்திருக்கிறது.