பெர்த்தீனியா, பொரெல்லியா?
இத்தாலிய மௌனப் படங்களுக்குப் புதிதாக வருபவர்களிடம் நான் இந்த இரு நடிகைகளில் ஃபிரான்செஸ்கா பெர்த்தீனியைத்தான் முதலில் பார்க்கச் சொல்வேன்.

லிடா பொரெல்லி மேடையில் பெயர் வாங்கிவிட்டு 1913-இல் சினிமாவுக்கு வந்தவர். வளையும் உடல், சரியும் தலை என்று ஒவ்வொரு அசைவும் ஓவியம் மாதிரி இருக்கும், அழகுதான். 1918-இல் கல்யாணம் ஆனதும் நடிப்பையே விட்டுவிட்டார்.

பெர்த்தீனி வேறு ரகம். 1915-இல் வந்த 'அசுந்தா ஸ்பினா'வை நேப்பிள்ஸ் தெருக்களிலேயே எடுத்தார்கள், அதில் சலவைக்காரப் பெண்ணாகச் சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு அவர் நடக்கும்போது மேடை வாசனையே இல்லை. இயக்குநராக குஸ்தாவோ செரேனாவின் பெயர் இருந்தாலும் இயக்கத்தில் தனக்கும் பங்குண்டு என்று பின்னாளில் சொன்னார், நான் அதை நம்புகிறேன். 1976-இல்கூட இயக்குநர் பெர்த்தொலூச்சியின் படமொன்றில் கன்னியாஸ்திரியாக வந்தார்!