மகளின் ஸ்கேட்டிங் ஹெல்மெட்: மூன்றரை ஆண்டுப் பயன்பாட்டில் தெரிந்துகொண்டவை

என் மகள் 2022 ஜூன் மாதம், ஏழு வயதில், ரோலர் ஸ்கேட்டிங் வகுப்பில் சேர்ந்தாள். வாரத்தில் நான்கு மாலைகள், சென்னையின் புழுக்கத்தில், சிமென்ட் தளத்தில் ஒன்றரை மணி நேரம் பயிற்சி. இதுவரை இரண்டு ஹெல்மெட்டுகளைப் பயன்படுத்தியிருக்கிறாள். 2025 செப்டம்பரில் சென்னையைச் சேர்ந்த ஆனந்த்குமார் வேல்குமார் சீனாவில் நடந்த உலக ஸ்பீட் ஸ்கேட்டிங் சாம்பியன்ஷிப்பில் தங்கம் வென்ற பிறகு எங்கள் ரிங்கில் புதிய குழந்தைகள் பலர் சேர்ந்திருக்கிறார்கள். அவர்களுடைய பெற்றோர் என்னிடம் முதலில் கேட்பது எந்த ஹெல்மெட் வாங்கலாம் என்பதைத்தான். எந்த ஹெல்மெட் என்பதைவிட அது தலையில் எப்படி உட்கார்ந்திருக்கிறது என்பதே முக்கியம் என்று அவர்களுக்குச் சொல்லிவருகிறேன். அதைச் சற்று விரிவாகவே இங்கே எழுதுகிறேன்.

முதல் ஹெல்மெட்டை வாங்கியபோது, வளர்கிற பிள்ளை, ஒரு சைஸ் பெரிதாக எடுத்தால் இரண்டு வருடம் வரும் என்று கடைக்காரர் சொன்னார். பள்ளிச் சீருடையையும் செருப்பையும் அப்படித்தானே வாங்குகிறோம் என்று நானும் ஒப்புக்கொண்டேன். அவள் தலையின் சுற்றளவு 52 சென்டிமீட்டர்; வாங்கியது 54 முதல் 58 வரையிலான அளவு. பின்பக்க டயலை இறுதிவரை திருகிய பிறகு அது இறுக்கமாக இருப்பதுபோலவே தோன்றியது. ஆனால் டயல் இறுக்குவது உள்ளே இருக்கும் பிளாஸ்டிக் வளையத்தை மட்டும்தான். அடியைத் தாங்க வேண்டிய தெர்மாகோல் அடுக்குக்கும் அவளுடைய நெற்றியின் பக்கவாட்டுக்கும் இடையில் என் விரல் தாராளமாக நுழைந்தது. பத்து நிமிடம் ஓடியதும் ஹெல்மெட் பின்னால் சரிந்து தொப்பியைப்போல் உச்சந்தலையில் நிற்கும். ஒரு நாள் கோச் என்னை அழைத்து, "மேடம், நெத்தி பூரா வெளியில தெரியுது. முன்னால விழுந்தா முதல்ல அதுதான் தரையில படும்" என்றார். அன்றுதான் எனக்கு உறைத்தது.

அளவெடுப்பது எளிது. தையல்காரர் வைத்திருக்கும் இன்ச் டேப்பைப் புருவத்துக்கு ஒரு விரல் மேலே வைத்து, காதுகளுக்கு மேலாகக் கொண்டுசென்று, பின்மண்டையின் மிகப் புடைத்த இடத்தைச் சுற்றி எடுக்க வேண்டும். ஹெல்மெட்டின் முன்விளிம்பு புருவத்துக்கு மேல் இரண்டு விரல் இடைவெளியில், தரைக்கு இணையாக நிற்க வேண்டும். பக்கவாட்டு வார்கள் இரண்டும் காதுமடலுக்குச் சற்றுக் கீழே ஆங்கில 'வி' எழுத்தின் வடிவில் சேர வேண்டும்; பெரும்பாலான குழந்தைகளுக்கு இந்தச் சேர்க்கை கழுத்துவரை இறங்கிக் கிடப்பதை ரிங்கில் தினமும் பார்க்கிறேன். தாடைக்கும் வாருக்கும் இடையில் ஒரு விரல் நுழைந்தால் போதும். கொட்டாவி விடுவதுபோல் வாயைத் திறக்கச் சொன்னால் ஹெல்மெட் உச்சியில் லேசாக அழுந்த வேண்டும். பக்கிளைப் போடாமல் தலையை அசைக்கச் சொன்னால் நெற்றித்தோலும் அதனுடன் சேர்ந்து நகர வேண்டும். இவ்வளவையும் பார்க்க அரை நிமிடம் ஆகாது.

கூந்தல் விஷயத்தை யாரும் எனக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை. பள்ளியிலிருந்து நேராக வரும் பெண்குழந்தைகள் ரிப்பன் கட்டிய இரட்டை மடிப்புச் சடையுடன் வருகிறார்கள். அந்த மடிப்பு காதின் பின்னால் புடைத்து நின்று வாரைத் தள்ளிவிடுகிறது. உச்சியில் போடும் குதிரைவால் ஹெல்மெட்டையே முன்னால் சாய்த்து, கண்ணை மறைக்கிறது. நான் வண்டியிலிருந்து இறங்குவதற்கு முன்பே சடையை அவிழ்த்து, பிடரிக்குக் கீழே தொடங்கும் ஒற்றைப் பின்னலாகத் தளர்வாகப் பின்னிவிடுகிறேன். கிளிப், ஹேர்பின், ஹேர்பேண்ட் எல்லாவற்றையும் கழற்றிவிடுவேன். அடி படும்போது அவை தலையில்தான் குத்தும்.

இரண்டாவது ஹெல்மெட்டை வாங்கும்போது உள்ளே ஒட்டியிருந்த சீட்டைப் படித்துப் பார்த்தே வாங்கினேன். ஈஎன் 1078 என்பது சைக்கிள், ஸ்கேட்போர்டு, ரோலர் ஸ்கேட் மூன்றுக்குமான ஐரோப்பியத் தரம். இதன் சோதனையில், தலைவடிவம் பொருத்திய ஹெல்மெட்டைச் சமதளத்தின்மீது சுமார் ஒன்றரை மீட்டர் உயரத்திலிருந்து விழவைத்துப் பார்க்கிறார்கள். ஏஎஸ்டிஎம் எஃப் 1492 என்பது ஸ்கேட்போர்டுக்கான அமெரிக்கத் தரம். நம் ஊரில் பலருக்கும் தெரிந்த ஐஎஸ் 4151 மோட்டார் சைக்கிள் ஹெல்மெட்டுக்கானது. அதைக் குழந்தைக்கு மாட்டி ரிங்குக்கு அனுப்பிய பெற்றோரும் உண்டு. அந்தக் கனத்தையும் வெப்பத்தையும் சிறு கழுத்து தாங்காது, பின்னால் வருபவர் கூப்பிடும் குரலும் சரியாகக் கேட்காது. எனக்கு முக்கியமாக இருந்தது பின்மண்டை. ஸ்கேட்டிங்கில் சக்கரம் முன்னால் வழுக்கிவிட்டால் மல்லாந்து விழுவது சாதாரணம் என்பதால், சைக்கிள் ஹெல்மெட்டைவிடப் பின்னால் தாழ இறங்கும் வடிவத்தைத் தேர்ந்தெடுத்தேன். பந்தய வீரர்கள் அணியும் வழவழப்பான ஸ்பீடு ஹெல்மெட் வேண்டும் என்று அவள் அழுதாள். கற்றுக்கொள்ளும் பருவத்தில் அது தேவையில்லை என்று மறுத்துவிட்டேன்.

இரண்டாவது ஹெல்மெட் வாங்கியதற்குக் காரணம் 2023 டிசம்பரில் நடந்த விபத்து. முதல் ஹெல்மெட்டின் இடைவெளியைத் தடித்த பேட்கள் வைத்து ஒருவாறு சரிசெய்து ஓட்டிக்கொண்டிருந்தோம். பின்னோக்கிச் சறுக்கும் பயிற்சியில் இன்னொரு குழந்தையின் சக்கரம் மாட்டி மல்லாந்து விழுந்தாள். 'டொக்' என்ற அந்தச் சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. அன்றே மருத்துவரிடம் காட்டினோம். நல்லவேளையாகத் தலையில் ஒன்றும் ஆகவில்லை. ஹெல்மெட்டின் வெளி ஓட்டில் ஒரு கீறல் மட்டும் தெரிந்ததால், அதையே தொடர்ந்து அணிவித்தேன். மூன்று வாரம் கழித்து, கழுவுவதற்காக உள்பேட்களை உரித்தபோதுதான் பார்த்தேன்: பின்பக்கத்தில் ஒரு காற்றுத்துளையிலிருந்து அடுத்த துளைவரை தலைமுடி அளவு மெல்லிய விரிசல். அதன் அருகே, ஒரு ரூபாய் நாணய அகலத்துக்கு, தெர்மாகோல் முத்துகள் நசுங்கித் தட்டையாகி மினுமினுத்தன. நகத்தால் அழுத்தினேன், மற்ற இடங்களைப்போல் அங்கே அமுங்கவில்லை.

அந்த அடுக்கு நசுங்குவதன்மூலம்தான் அடியின் விசையை வாங்கிக்கொள்கிறது. ஒருமுறை நசுங்கிய இடம் மீண்டும் எழும்பாது. அதாவது, மூன்று வாரமாக அவள் பின்மண்டைக்கு நான் நம்பியிருந்த பாதுகாப்பு அந்த இடத்தில் இல்லவே இல்லை. அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. யாரும் எடுத்துப் பயன்படுத்திவிடக் கூடாது என்பதற்காக வார்களைக் கத்தரித்துவிட்டுக் குப்பையில் போட்டேன்.

புதியது 2024 ஜனவரியில் வந்தது. ஞாயிறுதோறும் பேட்களை உரித்து, சாதாரணத் தண்ணீரில் இரண்டு சொட்டு ஷாம்பு விட்டு அலசி, நிழலில் உலர்த்துகிறேன். அப்போதே டார்ச் அடித்துத் தெர்மாகோலையும் பார்த்துவிடுகிறேன். தேங்காய் எண்ணெயும் வேர்வையும் சேர்ந்து பேட்களைப் பிசுபிசுப்பாக்கி வெல்க்ரோவின் பிடிப்பைக் கெடுத்ததால், வகுப்பு நாள்களில் எண்ணெய் வைப்பதை இரவுக்கு மாற்றினோம். வெளி ஓட்டுக்கு ஈரத்துணி போதும். ஸ்டிக்கர் பசையை எடுக்கப் பெட்ரோலோ தின்னரோ தொடவே கூடாது. அவை தெர்மாகோலைக் கரைத்துவிடும். மே மாத வெயிலில் நிற்கும் காரிலோ ஸ்கூட்டர் டிக்கியிலோ ஹெல்மெட்டை விடுவதில்லை. பையில் ஸ்கேட்டுகளை ஹெல்மெட்டுக்குள் திணித்து வைக்கும் பழக்கத்தையும் நிறுத்தினேன், சக்கர போல்ட்டுகள் உள்ளே பள்ளம் போடுகின்றன. இரவல் கொடுப்பதும் கிடையாது. பேன் ஒரு காரணம். ஒவ்வொரு தலைக்கும் வாரை மாற்றி மாற்றி இழுத்தால் அளவு தவறிவிடும் என்பது அதைவிடப் பெரிய காரணம்.

குறைகளும் உண்டு. பக்கிளைப் போடும்போது தாடைத்தோல் இரண்டுமுறை மாட்டிக்கொண்டது. இப்போது என் விரலை உள்ளே வைத்துத்தான் பூட்டுகிறேன். நெற்றிப் பேட் ஒன்றரை ஆண்டில் அமுங்கிப்போய் மாற்ற வேண்டியதாயிற்று. இந்த வாரம் மறுபடி அளந்து பார்த்தேன்: 53.5 சென்டிமீட்டர். சீட்டில் 51 முதல் 55 வரை என்று இருக்கிறது, டயலில் இன்னும் மூன்று பற்கள் மீதம் இருக்கின்றன. அடி படாமல் இருந்தால் வரும் கோடை விடுமுறைவரை இதுவே போதும்.