ஒரு பட்டா மாற்றமும் நான்கு வாரிசுகளும்

அப்பா பெயரில் இருக்கும் இரண்டு ஏக்கர் சொச்சத்தை வாரிசுகள் பெயருக்கு மாற்றியாக வேண்டும். நிலம் புதுக்கோட்டை மாவட்டத்தில், நான் இருப்பது சிங்கப்பூரில். ஜூனில் இங்கே பள்ளி விடுமுறை என்பதால் 2025-ல் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு கிளம்பினேன். பட்டா வேலையாகப் போனதில் ஒரு லாபம்: ஊரில் அரசாங்கம் எங்கே மாறியிருக்கிறது, எங்கே அப்படியே உட்கார்ந்திருக்கிறது என்பதை அந்த ஒரே வேலையில் பார்த்துவிடலாம்.

வாரிசுச் சான்றிதழ் என்றால் முன்பு தாலுகா ஆபீஸ் வாசலில் மனு எழுதிக் கொடுப்பவரிடம் தொடங்கும். இப்போது கடைத்தெருவில் ஜெராக்ஸ் கடையை ஒட்டிய இ-சேவை மையத்தில் தொடங்குகிறது. நடத்துவது உள்ளூர்ப் பெண், பட்டதாரி. "கேன் நம்பர் இருக்காண்ணே?" என்றுதான் பேச்சையே ஆரம்பித்தார். இ-சேவையில் விண்ணப்பிப்பவருக்கான பதிவு எண் அது. இல்லை. விண்ணப்பதாரர் அம்மா என்பதால், புதிதாகப் பதிய அவர் போன் எண்ணைக் கொடுத்தேன். ஓ.டி.பி. அம்மாவின் பட்டன் போனுக்குப் போனது. போன் வீட்டில், அம்மா மாட்டுக்கொட்டகையில். ஒருவழியாகப் பக்கத்து வீட்டுப் பையன் படித்துச் சொல்லி, வேலை முடிந்தது. கட்டணம் 60 ரூபாய், ரசீதோடு.

காத்திருந்த நேரத்தில் சுவரில் ஒட்டியிருந்த சான்றிதழ் பட்டியலைப் படித்துக்கொண்டிருந்தேன். சாதி, வருமானம், இருப்பிடம் எல்லாம் நமக்குத் தெரிந்தவை. அவற்றுக்குக் கீழே முதல் பட்டதாரி, கணவனால் கைவிடப்பட்டவர், கலப்புத் திருமணம், வேலையில்லாதவர் என்று நீள்கிறது. குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரிக்குப் போகும் பிள்ளைக்கு ஒரு சான்றிதழ் வேண்டும் என்ற யோசனையே, அப்படிப்பட்ட பிள்ளைகள் கூட்டங்கூட்டமாக வரத் தொடங்கிய பிறகுதான் வந்திருக்கும். அன்று வரிசையில் எனக்கு முன்னால் நின்ற இரண்டு பேர் அதற்காகத்தான் வந்திருந்தார்கள். ஒருவர் மகளுக்கு, இன்னொருவர் பேத்திக்கு.

அடுத்தது கிராம நிர்வாக அலுவலர், ஊர் வழக்கில் வி.ஏ.ஓ. இந்தப் பதவிக்கு ஒரு கதை உண்டு. என் சின்ன வயதில் 'கணக்கப்பிள்ளை வீடு' என்றுதான் ஒரு வீட்டுக்கு அடையாளம். நிலக் கணக்கு எழுதும் கர்ணம், வரி வசூலிக்கும் மணியம் என்ற வேலைகள் பெரும்பாலும் அப்பாவிடமிருந்து மகனுக்குப் போனவை. ஊர் நிலக் கணக்கு அந்த வீட்டு அலமாரியில் இருந்தது. அவர் திண்ணையில் யார் உட்காரலாம், யார் வாசலில் நிற்க வேண்டும் என்பதும் ஊருக்குத் தெரிந்திருந்தது. 1980 நவம்பரில் எம்.ஜி.ஆர். அரசு ஒரே அவசரச் சட்டத்தில் அந்தப் பதவிகளை ஒழித்தது. இருபதாயிரத்துக்கும் மேற்பட்டவர்களின் வேலை போனது; வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது, 1982-ல் சட்டம் செல்லும் என்று தீர்ப்பானது. அப்புறம் டி.என்.பி.எஸ்.சி. தேர்வு எழுதியவர்கள் வந்தார்கள். இன்று எங்கள் ஊர் வி.ஏ.ஓ. வேறு மாவட்டத்திலிருந்து வந்த இளம்பெண். லேப்டாப்பைத் திறந்து எங்கள் விண்ணப்பத்தை எடுத்துக் காட்டினார். எல்லாருக்கும் பிளாஸ்டிக் நாற்காலி உண்டு. பக்கத்து ஊரும் அவருக்குக் கூடுதல் பொறுப்பு என்பதால் அவரைப் பிடிப்பதுதான் பாடு.

"மொத்தம் எத்தனை வாரிசு சார்?" என்றார். அம்மா, அக்கா, நான், தம்பி என்றேன். கூட வந்த சித்தப்பா உடனே, "அக்கா கட்டிக் கொடுத்துப் போனது, அது விடுதலை எழுதிக் குடுத்துரும்மா" என்று முந்திக்கொண்டார். விடுதலை என்றால் தன் பங்கு வேண்டாம் என்று பத்திரம் எழுதிக் கொடுப்பது. வி.ஏ.ஓ. தட்டச்சு செய்வதை நிறுத்தவில்லை. "அது பத்திர ஆபீஸ்ல நீங்க பார்த்துக்கிற விஷயம்யா. சான்றிதழ்ல நாலு பேரும் வருவாங்க."

அப்பா சுயமாகச் சம்பாதித்து வாங்கிய சொத்தில் மகளுக்குச் சம பங்கு என்பது 1956 இந்து வாரிசுரிமைச் சட்டத்திலேயே இருக்கிறது. பூர்விகச் சொத்தில் அந்த உரிமையைத் தமிழ்நாடு 1989-ல் கொண்டுவந்தது, அதுவும் அந்த ஆண்டு மார்ச் 25-க்கு முன் கல்யாணம் ஆகாத பெண்களுக்கு மட்டும். நாடு முழுக்க வந்தது 2005-ல். சட்டம் ஏட்டில் இருந்தது, ஊர் தன் வழக்கப்படி நடந்தது. பெண்பிள்ளையின் பெயர் பட்டாவில் ஏறாது. ஏறினாலும் சீர்வரிசையைக் காட்டி விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கிவிடுவார்கள். இப்போது வாரிசு ஒவ்வொருவரின் ஆதாரும் கேட்கப்படுவதால் பெயரைச் சத்தமில்லாமல் விட்டுவிட வழியில்லை. சட்டத்தைவிட அந்தப் படிவம் ஊரை அதிகம் அசைத்திருக்கிறது என்று நினைக்கிறேன்.

அக்கா மறுநாள் டவுன் பஸ்ஸில் வந்தாள். 2021-லிருந்து பெண்களுக்கு டிக்கெட் கிடையாது என்பதால் அத்தானிடம் பஸ் காசு கேட்டு, எதற்கு என்று காரணம் சொல்லும் வேலை இல்லை. சித்தப்பா விடுதலைப் பேச்சை மறுபடி எடுத்தார். அக்கா காபியை ஆற்றிக்கொண்டே, "எழுதிக் குடுக்கிறதப் பத்தி அப்புறம் பார்க்கலாம் சித்தப்பா. இப்ப என் பேரு இருக்கட்டும்" என்றாள். அதற்கு மேல் யாரும் பேசவில்லை. எனக்கு உள்ளூரச் சந்தோஷம், தம்பி முகம்தான் சரியில்லை.

சான்றிதழும் கூட்டுப் பட்டாவும் நான் நினைத்ததைவிடச் சீக்கிரம் நகர்ந்தன. மாட்டிக்கொண்டது யூ.டி.ஆரில். 1979-ல் தொடங்கி எண்பதுகளின் பின்பாதி வரை நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்தைத்தான் ஊரில் எல்லாரும் இப்படிச் சொல்கிறார்கள். அதில் எங்கள் நிலத்தில் நாற்பது சென்ட் பங்காளி ஒருவர் பட்டாவில் ஏறியிருக்கிறது. கடலை போட்டு எடுத்த காலத்தில் யாரும் அதைக் கவனிக்கவில்லை. வரப்பு எங்கே என்று இருவருக்கும் தெரியும், அது போதும். பக்கத்தில் பிளாட் போட ஆள் வந்த பிறகுதான் எல்லாரும் சர்வே எண்ணைத் தட்டிப் பார்க்க ஆரம்பித்தார்கள். நாற்பது வருடத்துக்கு முன் கையால் எழுதிய தப்பைக் கம்ப்யூட்டர் இப்போது க்யூ.ஆர். கோடோடு அச்சடித்துத் தருகிறது. முன்வாசலுக்கு டைல்ஸ் ஒட்டிவிட்டுக் கூரை ஒழுக்கைத் தொடாமல் விட்ட வீடு மாதிரி.

சரி, மனு கொடுப்போம் என்றபோது ஜமாபந்தி நடந்துகொண்டிருந்தது. வருவாய்த் தீர்வாயம் என்பது அதன் அரசுப் பெயர். கிராமக் கணக்குகளை வருடம் ஒருமுறை மேலதிகாரி தணிக்கை செய்யும் இந்த ஏற்பாடு, அக்பர் காலத்தில் பிறந்த பசலி ஆண்டுக் கணக்கில் இன்றும் நடக்கிறது. நான் போனது பசலி 1434-க்கு, அதாவது 2024-25-க்கு. சாமியானா, மேஜையில் பதிவேட்டு மூட்டைகள், பக்கத்திலேயே மனுவைக் கணினியில் ஏற்றி எண் கொடுக்கும் இளைஞர். பெட்டிஷனை அதிகாரியே வாங்கிப் படித்துவிட்டு, சர்வேயருக்கு அனுப்பச் சொன்னார். கொடுத்த ஐந்தாவது நிமிடம் குறுஞ்செய்தி வந்துவிட்டது. சர்வேயர்தான் வரவில்லை. பல ஊர்கள் சேர்ந்த பிர்காவுக்கு ஒருவர், அளக்க வேண்டியதோ மலையளவு. பிளாட் வியாபாரம் பெருகிய வேகத்துக்கு அளக்கும் ஆட்கள் பெருகவில்லை.

வெளியூர்க்காரர்கள் கவனிக்க வேண்டியது ஒன்று. ஆதாரில் வெளிநாட்டு போன் எண்ணை இணைக்க முடியாது. என் இந்திய எண் தம்பி வீட்டில் ஒரு பழைய போனில் ரீசார்ஜ் செய்து உயிரோடு வைக்கப்பட்டிருக்கிறது, ஓ.டி.பி. வந்தால் தம்பி மனைவி வாட்ஸாப்பில் அனுப்புவாள். பணம் விஷயத்தில் இதைத் தளர்த்திவிட்டார்கள்: 2023 முதல் சிங்கப்பூர் உள்ளிட்ட சில நாட்டு எண்களையே வைத்து என்.ஆர்.இ., என்.ஆர்.ஓ. என்ற வெளிநாடுவாழ் இந்தியர் வங்கிக் கணக்குகளில் யு.பி.ஐ. பயன்படுத்தலாம். நிலம் விஷயத்தில் இன்னும் இல்லை. வெளிநாடுவாழ் தமிழர் நலச் சட்டம் 2011-ல் வந்தது, அதற்கான வாரியம் அமைக்கப்பட்டதோ 2022-ல். நாம் அனுப்பும் பணத்தில் கட்டிய வீடுகள் தெருவுக்குத் தெரு நிற்கின்றன. ஆனால் நிலத்தை அளக்கிற அன்று உரிமையாளர் வரப்பில் நிற்பார் என்றே நடைமுறை இன்னும் எதிர்பார்க்கிறது.

தம்பிக்குப் பவர் எழுதிக் கொடுக்கலாம் என்ற பேச்சு வந்தது. இங்கிருந்து கொடுத்தால் இந்தியத் தூதரகத்தில் கையெழுத்துப் போட்டு அனுப்ப வேண்டும். ஊருக்குப் போய்ச் சேர்ந்த மூன்று மாதத்துக்குள் அங்கே முத்திரைத்தீர்வை கட்ட வேண்டும். நான் அதைச் செய்யவில்லை. அளக்கிற தேதிக்கான நோட்டீஸ் அக்காவின் எண்ணுக்கும் வரும்படி மனுவில் சேர்த்துவிட்டு வந்தேன். வரப்பில் போய் நிற்பதற்கு அவளுக்குத் தம்பியைவிட உரிமை குறைவில்லை. போன வாரம் சர்வேயர் ஆபீசுக்கு அவளே போய்க் கேட்டிருக்கிறாள். அடுத்த மாதம் என்றார்களாம்.