பழைய வீடியோக்களை விற்க: ஸ்டாக் தளமா, நேரடி உரிமமா?

நாகர்கோவில், தக்கலை, குளச்சல் பக்கம் பத்திருபது வருஷம் கேமரா பிடித்தவர்கள் வீட்டு பீரோவைத் திறந்தால் மினி-டிவி (MiniDV) என்ற சின்ன வீடியோ கேசட்டுகள் அடுக்கிக் கிடக்கும். சுனாமி அடித்துக்கொண்டு போன மணக்குடி பாலம் அதில் இருக்கும். ஹார்ட் டிஸ்கில் தேடினால் 2017 ஒக்கிப் புயலில் சாய்ந்த ரப்பர் தோட்டங்கள் கிடைக்கும். ஆவணப்படக்காரர்களும் சேனல்காரர்களும் தேடுவது இதைத்தான். அதை ஸ்டாக் தளத்தில் (பலரும் எடுத்த வீடியோக்களைக் கமிஷனுக்கு விற்றுக் கொடுக்கும் இணையதளம்) ஏற்றலாம், அல்லது கேட்டு வருபவருக்கு, பயன்படுத்திக்கொள்ள நாமே உரிமம் எழுதிக் கொடுக்கலாம். நான் இரண்டும் செய்கிறேன், மனசு இரண்டாவதன் பக்கம்தான்.

ஸ்டாக் தளம் சுகம். ஏற்றி, குறிச்சொல் போட்டுவிட்டால் பேரமும் இல்லை, பாக்கிக்கு அலைச்சலும் இல்லை. கமிஷன் போகக் கைக்கு வருவது சொற்பம். முப்பந்தல் காற்றாலை, மாத்தூர் தொட்டிப்பாலம், முக்கடல் சூரிய உதயம் மாதிரியானவற்றுக்கு அதுவே போதும். நான் அங்கே போட்டிருப்பதும் இந்த ரகம் மட்டும்தான், அதனால் மற்றவை எப்படி ஓடும் என்று என்னைக் கேட்டுப் பயனில்லை.

நேரடியாகக் கொடுப்பதில் வேலை அதிகம். "சார், குளச்சல் சுனாமி ஷாட் இருக்கா?" என்று சென்னையிலிருந்து போன் வரும். ஃபயர்வயர் (கேமராவைக் கேபிளில் இணைக்கும் பழைய வகை போர்ட்) உள்ள பழைய கம்ப்யூட்டரில் கேசட்டை ஓடவிட்டு (ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 13 ஜிபி ஆகும்) வாட்டர்மார்க்கும் (படத்தின் மேல் நம் பெயர்) டைம்கோடும் (ஓடும் நேர எண்) போட்ட மாதிரிப் பிரதியை அனுப்ப வேண்டும். அவர்கள் வேண்டிய வினாடிகளைக் குறித்துச் சொன்ன பிறகுதான் விலை பேச்சு, அதற்குப் பிறகுதான் மாஸ்டர், அதாவது இந்தக் குறிகள் இல்லாத முழுத்தரப் பிரதி.

ஆனாலும் இதையே சொல்வேன், காரணம் முகங்கள். என்னிடம் "குளச்சல் 27 காலை" என்று பேனாவால் கிறுக்கிய கேசட் ஒன்று இருக்கிறது, சுனாமிக்கு மறுநாள் எடுத்தது. அதில் அழுகிறவர்களில் பலர் இன்றும் சந்தையில் எதிரே வருகிறவர்கள். ஸ்டாக் தளத்தில் அதை யார் வாங்குகிறார், எதோடு ஒட்டுகிறார் என்று நமக்குத் தெரியாது. ஒரு சேனல் ஒக்கிக் காட்சியைச் சுனாமி என்று போட்டதை நானே டிவியில் பார்த்தேன். நேரடி உரிமத்தில் 'வேறு நிகழ்வாகக் காட்டக் கூடாது, முகம் தெரியும் இடத்தை மறைக்க வேண்டும்' என்று இரண்டு வரி சேர்த்துவிடலாம், மீறினால் யாரைக் கேட்பது என்றும் தெரியும்.

அப்புறம், நாம் எடுத்ததெல்லாம் நம்முடையது ஆகாது. காசு கொடுத்து ஒருவர் எடுக்கச் சொன்ன படத்துக்கு, வேறு ஒப்பந்தம் இல்லையென்றால் அவர்தான் முதல் உரிமையாளர் என்கிறது பதிப்புரிமைச் சட்டத்தின் 17ஆம் பிரிவு. கோயில் கொடை, ஊர்த் திருவிழா, கல்யாணம் எல்லாம் இதில் அடங்கும். இரண்டு வழிக்கும் இது பொருந்தும், ஆனால் நேரடியாகக் கொடுக்கும்போது கோயில் கமிட்டி மாதிரி எடுக்கச் சொன்னவர்களிடம் ஒரு கடிதம் வாங்கி வைக்க அவகாசம் கிடைக்கிறது.

வருகிற ஒப்பந்தத்தில் 'எல்லா ஊடகமும், என்றென்றைக்கும்' என்று இருந்தால் அடித்துவிட்டு, இந்தப் படத்துக்கு மட்டும், ஐந்து வருஷம் என்று எழுதுங்கள். முதலில் முனகுவார்கள், அவசரம் அவர்களுக்குத்தான் என்பதால் பெரும்பாலும் ஒத்துக்கொள்வார்கள்.