வாய்தா தேதியை வக்கீலிடம் மட்டும் கேட்காதீர்கள்

எங்கள் பாகப்பிரிவினை வழக்கு 14 மாதத்துக்கு முன்பே தள்ளுபடி ஆகிவிட்டது. அது எங்களுக்குத் தெரிந்தது போன மாதம்தான். அதுவரை எங்கள் வக்கீல் வாட்ஸ்அப்பில் வாய்தா தேதி அனுப்பிக்கொண்டே இருந்தார். ‘ஜட்ஜ் லீவு’, ‘எதிர்த்தரப்பு டைம் கேட்கிறது’ என்று ஒவ்வொரு தடவையும் ஒரு காரணம். செலவுக்கென்று பணமும் வாங்கினார். ரசீது தந்ததில்லை.

சித்தப்பா நிலத்தை விற்காதபடி இடைக்காலத் தடை வாங்கிவிட்டதாகச் சொல்லி ஒரு உத்தரவும் கொடுத்திருந்தார். வழக்கு எண், நீதிபதி பெயர், வட்ட முத்திரை எல்லாம் இருந்தன. அம்மா அதை லேமினேட் செய்து பீரோவில் வைத்திருந்தார்.

வேறு வேலையாக வில்லங்கச் சான்று எடுத்தபோது நிலத்தில் ஒரு பகுதி கிரயம் ஆகியிருந்தது. தடை இருக்கும்போது எப்படி? வக்கீலைக் கேட்டதற்கு ‘பார்த்துச் சொல்கிறேன்’ என்றார். அப்புறம் போனை எடுக்கவில்லை. வழக்கு விவரங்களை யாரும் பார்க்கக்கூடிய அரசின் இ-கோர்ட்ஸ் தளத்தில் நானே வழக்கு எண்ணைப் போட்டுப் பார்த்தேன். வாதி தரப்பில், அதாவது எங்கள் பக்கம், யாரும் ஆஜராகாததால் தள்ளுபடி என்றிருந்தது. தடை உத்தரவு என்று ஒன்று பிறப்பிக்கப்படவே இல்லை.

புது வக்கீல் அந்தக் காகிதத்தைத் திருப்பிப் பார்த்ததுமே போலி என்றார். கோர்ட்டே சான்றளித்துத் தரும் நகல் என்றால் நகலுக்கு மனு போட்ட தேதி, தயாரான தேதி, கொடுத்த தேதி எல்லாம் இருக்குமாம். எங்களுடையதில் ஒன்றுகூட இல்லை.

பழையவரிடம் கேஸ் கட்டைக் கேட்டால், ஃபீஸ் பாக்கியைக் கொடு என்கிறார். பாக்கி இருந்தாலும் கட்டைப் பிடித்து வைக்க வக்கீலுக்கு உரிமை இல்லை என்று உச்ச நீதிமன்றம் 2000-லேயே சொல்லிவிட்டது. இதை யாராவது முதலிலேயே சொல்லியிருந்தால் இரண்டு வாரம் கெஞ்சியிருக்க மாட்டேன்.

நுகர்வோர் நீதிமன்றம் போகலாம் என்று பலர் சொன்னார்கள். போக முடியாது. வக்கீல் சேவை நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் வராது என்று 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. வக்கீல்களைப் பதிவு செய்யும் அமைப்பான மாநில பார் கவுன்சிலில்தான் புகார் தர வேண்டும். 1961-ஆம் வருட வழக்கறிஞர்கள் சட்டம், 35-ஆவது பிரிவு. மூன்று பேர் கொண்ட ஒழுங்கு நடவடிக்கைக் குழு விசாரிக்கும். கண்டிக்கலாம், சில காலம் தொழில் செய்யத் தடை போடலாம், பதிவிலிருந்து பெயரையே நீக்கலாம். கோர்ட் உத்தரவையே போலியாக அடித்தவருக்குக் கண்டிப்பு போதாது என்பது என் கருத்து. ஒரு வருடத்துக்குள் முடிக்காவிட்டால் புகார் இந்திய பார் கவுன்சிலுக்குப் போய்விடும். பணத்தைத் திரும்ப வாங்கித் தருவார்கள் என்று எண்ணிப் போகாதீர்கள். அது வேறு வழக்கு. போலி உத்தரவுக்காகப் போலீசிலும் தனியாகப் புகார் கொடுத்திருக்கிறோம்.

வாட்ஸ்அப் செய்திகளை அழிக்காமல் வைத்திருந்ததுதான் இப்போது கைகொடுக்கிறது. பணம் எப்போதும் வங்கி வழியாகவே போகட்டும். வழக்குப் போட்டதும் 16 இலக்க சிஎன்ஆர் எண்ணை, அதாவது அந்த வழக்குக்கென்றே உள்ள தனி அடையாள எண்ணை, கேட்டு வாங்குங்கள். அதை இ-கோர்ட்ஸில் போட்டால் அடுத்த தேதி போனிலேயே தெரியும். தர மறுத்தால் அப்போதே சந்தேகப்படுங்கள்.

இப்படித் தள்ளுபடியான வழக்கை மீட்க மனு போட 30 நாள்தான் கெடு. எங்களுக்கு அது எப்போதோ போய்விட்டது. தாமதத்தை மன்னிக்கக் கேட்டுத் தனி மனு போட்டிருக்கிறோம். வரும் 18-ஆம் தேதி வாய்தா. தளத்தில் நானே பார்த்த தேதி இது. அம்மாவும் கோர்ட்டுக்கு வருகிறேன் என்கிறார்.