பணியாளர்களுக்கான அன்பளிப்பை ஒப்பந்தக்காரர் கையில் கொடுக்காதீர்கள்: எங்கள் ரூ.36,000 போன விதம்

திருச்சியிலும் சுற்றுவட்டாரத்திலும் ஐப்பசிக்கோ தைக்கோ திருமணம் பேசி வைத்திருப்பவர்கள், ஒப்பந்தக்காரருக்கு முன்பணம் கொடுப்பதற்கு முன் இதைப் படித்துவிடுங்கள். சென்ற வாரம் ஆவணி முகூர்த்தத்தில் என் தங்கையின் திருமணம் நடந்தது. சமையல், மேடை அலங்காரம், நாகஸ்வரம், வண்டி என அனைத்தையும் ஒரே கையில் எடுத்து நடத்தித் தரும் ஒரு திருமண ஒப்பந்த நிறுவனத்திடம் பொறுப்பைக் கொடுத்திருந்தோம். மொத்த ஒப்பந்தம் ரூ.4,60,000. அது போக, வேலை செய்பவர்களுக்கு அன்பளிப்பாகக் கொடுப்பதற்கென்று ரூ.36,000 ரொக்கமாக வாங்கிக்கொண்டு, அதில் ஒரு ரூபாயைக் கூட அவர்களிடம் சேர்க்காமல் அந்த நிறுவனத்தின் உரிமையாளர் ஏமாற்றிவிட்டார். பெயரை இங்கே எழுதவில்லை. புகார் கொடுத்திருப்பதால் இப்போதைக்கு அது வேண்டாம் என்று வீட்டுப் பெரியவர்கள் சொல்லியிருக்கிறார்கள்.

எங்கள் குடும்பத்தில் இந்த வழக்கம் எப்படி இருந்து வந்தது என்பதைச் சொன்னால்தான் எங்கள் கோபம் புரியும். முதல் நாள் அடுப்பு பற்ற வைக்கும்போது தேங்காய் உடைத்துச் சூடம் காட்டி, தலைமைச் சமையல்காரரிடம் வெற்றிலை பாக்கோடு பணம் வைத்துக் கொடுப்போம். முகூர்த்தம் முடிந்ததும் நாகஸ்வரக்காரருக்கும் தவில்காரருக்கும் வேட்டி துண்டு வைத்து, பேசிய தொகைக்கு மேல் ஏதாவது சேர்த்துக் கொடுப்போம். கடைசிப் பந்தி எழுந்த பிறகு பரிமாறியவர்கள், இலை எடுத்தவர்கள், பாத்திரம் கழுவிய பெண்கள் என ஒவ்வொருவரையும் கூப்பிட்டு, சாப்பிட்டார்களா என்று கேட்டு, கையில் கொடுத்து அனுப்புவோம். இதைச் செய்வது பெரியப்பாவின் வேலை. அவருக்கு வயதாகி, நடக்கச் சிரமப்படுவதால், இந்த முறை யார் செய்வது என்று நாங்கள் பேசிக்கொண்டிருந்த சமயத்தில்தான் ஒப்பந்தக்காரர் தானாக முன்வந்தார்.

“கல்யாண வீட்டுல ஆளாளுக்கு வந்து தலையைச் சொறிஞ்சுகிட்டு நின்னா உங்களுக்குத்தான் சங்கடம் சார். மொத்தமா எங்கிட்ட குடுத்துடுங்க, யார் யாருக்கு எவ்வளவுன்னு நான் பார்த்துக்கறேன்” என்றார். கூடத்தில் பாயில் உட்கார்ந்து, ஒரு தாளில் அவரே தன் கைப்பட எழுதினார்: சமையல் குழுவுக்கு 12,000, பரிமாறுபவர்களுக்கு 9,000, மேளத்துக்கு 5,000, இலை எடுப்பது, பாத்திரம், பெருக்குவது ஆகியவற்றுக்கு 6,000, அலங்கார ஆட்களுக்கும் வண்டி ஓட்டுநர்களுக்கும் 4,000, ஆக 36,000. தொகை அதிகமாகத் தோன்றவில்லை. இரண்டு நாள் நெருப்பின் முன்னால் நிற்பவர்களுக்கும், முதல் நாள் இரவு வரவேற்பிலிருந்து மறுநாள் மதியப் பந்தி வரை கண் மூடாமல் ஓடுபவர்களுக்கும் அது நியாயமான தொகைதான் என்று எங்கள் அனைவருக்கும் பட்டது.

அடுத்து அவர் செய்ததை நினைத்தால் இப்போதும் உடம்பு கொதிக்கிறது. பையிலிருந்து வெள்ளை உறைகளை எடுத்து அம்மாவிடம் நீட்டி, “நீங்களே மஞ்சள் வெச்சு உங்க கையால போட்டுக் குடுங்கம்மா, அப்பதான் வாங்கறவங்களுக்கும் நிறைவா இருக்கும்” என்றார். அம்மா நான்கு மூலையிலும் மஞ்சள் தடவி, பணத்தோடு ஒவ்வொன்றிலும் ஒரு ரூபாய் நாணயம் வைத்து, உறையின் மேல் யாருக்கு என்று எழுதி, சாமி படத்தின் முன் வைத்து எடுத்துக் கொடுத்தார். அதை இரண்டு கையாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டு போன மனிதரை யார் சந்தேகிப்பார்கள்? அப்படி நம்பிக்கை வரும்படி நடந்துகொள்ள அவருக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது.

திருமணம் குறையில்லாமல் நடந்தது. மதியம் கடைசிப் பந்தி முடிந்து, நாகஸ்வரக் குழுவினர் கருவிகளை உறையில் போட்டுக் கட்டிவிட்டு விடைபெற வந்தார்கள். நாங்கள் வேட்டி துண்டு கொடுத்தோம். பெரியவர் வாங்கிக்கொண்டார், ஆனாலும் நகரவில்லை. பெரியப்பா நாற்காலியில் இருந்தபடியே, “கவர் வந்துச்சா?” என்று கேட்டார். “எந்த கவருங்க?” என்றார் அவர். விசாரித்தபோது, பேசிய தொகையைத் தவிர வேறு எதுவும் அவர்களுக்கு வரவில்லை என்று தெரிந்தது.

உடனே பின்கட்டுக்குப் போனோம். லால்குடிப் பக்கத்துக் கிராமங்களிலிருந்து விடியற்காலைப் பேருந்தில் வந்து, இலை எடுத்துப் பாத்திரம் கழுவிய பெண்கள் கிளம்பிக்கொண்டிருந்தார்கள். அவர்களில் மூத்தவர் தயங்கித் தயங்கிச் சொன்னது இதுதான்: “கேட்டோம்யா. கல்யாண வீட்டுல ஒண்ணும் குடுக்கலைன்னு சூப்பர்வைசர் சொல்லிட்டாரு. பரவாயில்லைன்னு விட்டுட்டோம்.” அம்மாவின் கையெழுத்தோடு, மஞ்சள் தடவிய உறையில் போன 6,000 ரூபாய் அவர்களுடையது. அதை எடுத்துக்கொண்டதும் அல்லாமல், கொடுக்கவில்லை என்ற பழியையும் எங்கள் வீட்டின் மேல் போட்டிருக்கிறார்கள். பணம் போனதை விட இதுதான் எங்களைச் சுடுகிறது. அந்தப் பெண்கள் எங்கள் தங்கையின் திருமணத்தைப் பற்றி வாய்விட்டு எதுவும் சொல்லவில்லை. ஆனால் உழைத்தவரை வெறுங்கையோடு அனுப்பிய வீடு என்றுதானே காலையிலிருந்து நினைத்துக்கொண்டிருந்திருப்பார்கள்?

மொய்ப்பணத்திலிருந்து எடுத்து, அப்போது மண்டபத்தில் இருந்தவர்கள் அனைவருக்கும் கொடுத்தோம். சமையல் குழுவினர் அடுத்த முகூர்த்தத்திற்காகக் கரூர் கிளம்பிப் போயிருந்தார்கள். தலைமைச் சமையல்காரரைத் தொலைபேசியில் பிடித்துக் கேட்டபோது அவருக்கும் எதுவும் வரவில்லை என்றார். அவருக்கு மறுநாள் பணம் அனுப்பினோம். அலங்காரம் செய்த இளைஞர்களை இன்றுவரை கண்டுபிடிக்க முடியவில்லை, அவர்கள் யார் என்று சொல்ல ஒப்பந்தக்காரர் மறுக்கிறார்.

அவர் சொன்ன பதில்களை அப்படியே எழுதுகிறேன், ஏனென்றால் இதே பதில்கள் உங்களுக்கும் வரும். முதலில், “முகூர்த்த நாள் சார், மண்டபத்துல நிக்கறேன், அப்புறம் பேசறேன்” என்றார். பிறகு, ஆட்களுக்குக் கணக்கு முடிக்கும்போது சேர்த்துக் கொடுப்பதாகச் சொன்னார். பிறகு, கூலியிலேயே சேர்த்துக் கொடுத்தாகிவிட்டது, அவர்கள் பொய் சொல்கிறார்கள் என்றார். நாகஸ்வரப் பெரியவரை நேரில் அழைத்து வருகிறோம் என்று சொன்னதும் பேச்சு மாறி, அந்த ரூ.36,000 சேவைக் கட்டணம், ஒப்பந்தத்தோடு சேர்ந்தது, திருப்பித் தர முடியாது என்றார். அப்படியானால் அவர் கொடுத்த ரசீதில் ரூ.4,60,000 மட்டும் இருப்பது ஏன், சேவைக் கட்டணம் என்று அதில் எங்கே எழுதியிருக்கிறது, அதற்கு அரசுக்கு வரி கட்டினாரா என்று கேட்டோம். இணைப்பைத் துண்டித்துவிட்டார். அலுவலகத்திற்குப் போனால் வரவேற்பில் இருக்கும் பெண், “சார் வெளியூர் போயிருக்காரு” என்கிறார். அவருடைய வண்டி வாசலில் நிற்கிறது. வாட்ஸ்அப்பில் அனுப்பியதைப் படித்ததற்கான நீலக் குறி விழுகிறது, பதில் இல்லை. கடைசியாக வந்த செய்தி, கூகுளில் ஐந்து நட்சத்திரம் கொடுத்துவிட்டு வாருங்கள், பேசித் தீர்த்துக்கொள்ளலாம் என்பது.

சேவைக் கட்டணம் என்ற சொல்லுக்குப் பயப்பட வேண்டாம். உணவகங்களும் தங்கும் விடுதிகளும் ரசீதில் தாமாகவே சேவைக் கட்டணத்தைச் சேர்க்கக் கூடாது என்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2022 ஜூலையில் வழிகாட்டு நெறிகளை வெளியிட்டது. அன்பளிப்பு என்பது வாடிக்கையாளர் மனமுவந்து கொடுப்பது என்பதே அதன் அடிப்படை. 2025 மார்ச்சில் டெல்லி உயர்நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. திருமண ஒப்பந்தக்காரர்களை அந்த நெறிகள் பெயர் சொல்லிக் குறிப்பிடவில்லை என்பது உண்மைதான். ஆனால் எங்கள் வழக்கு அதை நம்பியும் இல்லை: இன்னாருக்குக் கொடுக்கிறேன் என்று எழுதி வாங்கிய பணத்தை அவர்களுக்குக் கொடுக்காமல் வைத்துக்கொண்டார் என்பதுதான் எங்கள் புகார். நல்ல வேளையாக, அவர் கைப்பட எழுதிய அந்தத் தாளை அம்மா பத்திரிகைக் கட்டோடு சேர்த்து வைத்திருந்தார்.

என்னென்ன செய்ய வேண்டும் என்று விரிவாக எழுத நினைத்துத்தான் உட்கார்ந்தேன். நுகர்வோர் ஆணையத்துக்கான தாள்களைத் திரட்ட வேண்டியிருப்பதால் அவசரமாகச் சிலவற்றை மட்டும் சொல்கிறேன். அன்பளிப்புப் பணத்தை எந்தக் காரணத்துக்காகவும் ஒப்பந்தக்காரரிடமோ மேற்பார்வையாளரிடமோ கொடுக்காதீர்கள். உங்கள் வீட்டில் ஒருவரை இதற்கென்றே நிறுத்தி, அவர் கையால், வேலை செய்தவர் கையிலேயே கொடுக்கச் செய்யுங்கள். சமையல்காரர், நாகஸ்வரக்காரர், அலங்காரம் செய்பவர் ஆகியோரின் தொலைபேசி எண்களை முன்கூட்டியே நேரடியாக வாங்கிக்கொள்ளுங்கள். சமையல் குழு கடைசிப் பந்திக்கு முன்பே கிளம்பக்கூடும், அவர்களுக்கு முதலில் கொடுங்கள். இலை எடுப்பவர்களையும் பாத்திரம் கழுவுபவர்களையும் மறந்துவிடாதீர்கள், அவர்கள் கேட்டு வர மாட்டார்கள். ரொக்கமாக எதைக் கொடுத்தாலும் கையெழுத்து வாங்குங்கள்.

ஏற்கெனவே ஏமாந்தவர்கள் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்யுங்கள். சேவைக்குக் கொடுத்த தொகை ஐந்து லட்சம் ரூபாய்க்குள் இருந்தால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் மனுக் கட்டணம் கிடையாது. இதே நிறுவனம் என்று சந்தேகப்படுபவர்கள் தனிச்செய்தியில் கேளுங்கள், சொல்கிறேன். எங்கள் திருமணத்தில் மேடை அலங்காரம் செய்த இளைஞர்கள் யாராவது இதைப் படித்தால் தொடர்புகொள்ளுங்கள். உங்களுக்குச் சேர வேண்டிய பணத்தை அம்மா தனியாக எடுத்து வைத்திருக்கிறார்.